பாட்டு வராத கார் ரேஸ்

தம்பி,

போன ஞாயிற்றுக்கிழமை போனில் நீ, "டிஸ்க்கெல்லாம் இருக்குல்லப்பா?" என்று கேட்டாய். நான் ஒரு நொடிகூட யோசிக்காமல், "இருக்கு, பத்திரமா இருக்கு" என்றேன். இல்லை. அன்றைக்கு மட்டுமல்ல, அதற்கு ஐந்து மாதம் முன்பிருந்தே அவை என்னிடம் இல்லை. ஈஸ்டர் முடிந்து உன் கல்யாணம். நீ வந்து இறங்கி, அலமாரியைத் திறந்து பார்த்துவிட்டு என் பக்கம் திரும்புவாய். அந்த நேரத்தில் திருதிருவென்று முழிப்பதைவிட இப்போதே எழுதிவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன். போனில் சொல்லியிருக்கலாமே என்பாய். போனில் எனக்குப் பொய்தான் சரளமாக வருகிறது. அதுவும் இந்த ஒரு வருஷத்தில்தான் தெரிந்தது. எழுதும்போது அப்படி வரவில்லை. ஒரு வரியை எழுதிவிட்டு அதை நானே திரும்பப் படிக்க வேண்டியிருக்கிறதே.

முதலிலிருந்து வருகிறேன். உங்கம்மா போன பிறகு நீ ஞாயிறு தவறாமல் ஜெர்மனியிலிருந்து கூப்பிடுவாய். குறை சொல்லவில்லை, ஒரு வாரம்கூட நீ விட்டதில்லை. ஆனால் என்ன பேசுவோம்? "சாப்டீங்களாப்பா?" "ஆச்சு." "மாத்திரை?" "போட்டாச்சு." "அங்க மழையா?" "இல்ல." அத்தோடு சரக்கு தீர்ந்துவிடும். முன்பெல்லாம் உங்கம்மா அரை மணி நேரம் பேசிவிட்டுக் கடைசியில் என்னிடம் தருவாள், நான் 'சரி, உடம்பப் பாத்துக்க' என்று முடித்து வைப்பேன். முடித்து வைக்கத்தான் எனக்குத் தெரியும், ஆரம்பிக்கத் தெரியாது. போனை வைத்த பிறகு நாற்காலியிலேயே கொஞ்ச நேரம் உட்கார்ந்திருப்பேன். அடுத்த ஞாயிறு வரை அந்த வீட்டில் யாரும் யாரிடமும் பேச வேண்டிய அவசியம் இல்லை.

நான் ரிட்டயர் ஆன மாதம்தான் நீ அந்தப் பேச்சை எடுத்தாய். உன் மாமா மஸ்கட்டிலிருந்து கொண்டுவந்து கொடுத்தாரே, நீ எட்டாவது படிக்கும்போது, அந்தச் சாம்பல் நிற வீடியோ கேம் பெட்டி, அதன் பதினோரு டிஸ்க்கும் அலமாரியில் இருக்கின்றன, விட்டால் பூஞ்சை பிடித்துவிடும், எல்லாவற்றையும் கம்ப்யூட்டரில் இமேஜாக, அதாவது முழுக் காப்பியாக, எடுத்து வையுங்கள் என்றாய். பெட்டி போய்விட்டாலும் அந்த ஃபைல் இருந்தால் எந்தக் கம்ப்யூட்டரிலும் ஆடலாம் என்றாய். அம்மாவோடு ஆடிய கேமை வரப்போகிற பெண்ணுக்குக் காட்ட வேண்டும் என்று கொஞ்சம் வெட்கப்பட்டுச் சொன்னாய். எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. அம்மாவோடு ஆடிய கேமா, அவள் எப்போது ஆடினாள் என்று மனதில் ஓடியது. ஆனால் கேட்கவில்லை. தெரியாது என்று உன்னிடம் காட்டிக்கொள்ள எனக்கு மனம் வரவில்லை.

நீ சொல்லிக் கொடுத்ததை ஒரு நோட்டில் எழுதி வைத்தேன். மெல்லிய துணியால் நடுவிலிருந்து விளிம்பை நோக்கித் துடைக்க வேண்டும், வட்டமாகத் துடைக்கக் கூடாது. ஒரு டிஸ்க்குக்கு இரண்டு ஃபைல் வரும், ஒன்று பெரியது, ஒன்று குட்டி. "அந்தக் குட்டி ஃபைல்லதாம்ப்பா எது எங்க ஆரம்பிக்குதுன்னு எழுதியிருக்கும், அத அழிச்சிடாதீங்க" என்றாய். ஆனால் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தபோது அது என்னிடம் இரண்டு வழி காட்டியது. ஒரே ஃபைலாக வேண்டுமா, இரண்டாக வேண்டுமா? முப்பத்தைந்து வருஷம் மைன்ஸில் நிலக்கரி கன்வேயர் பெல்ட்டோடு மல்லுக்கட்டியவன் நான். எத்தனை இணைப்பு இருக்கிறதோ அத்தனை இடத்தில் பெல்ட் அறும் என்பது எனக்குக் கையில் ஊறிய பாடம். ஒன்றே போதும் என்று அழுத்திவிட்டேன். அதில் ஒரு பெருமை வேறு, மகனைவிடச் சிக்கனமாக வேலையை முடிக்கிறோம் என்று.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஞாயிற்றுக்கு ஒரு டிஸ்க் என்று பதினோரு வாரம் உனக்குக் கணக்குக் காட்டினேன் அல்லவா? பதினொன்றையும் இரண்டே நாளில் எடுத்து முடித்துவிட்டேன். முதல் டிஸ்க் முடிந்தது என்று நான் சொன்ன ஞாயிறு நீ இருபது நிமிஷம் பேசினாய், தம்பி. எத்தனை சதவீதத்தில் நின்றது, திரையில் என்ன வந்தது, அந்தக் கேமில் இரண்டாவது மாடியில் சாவி எங்கே இருக்கும் என்றெல்லாம் சிரித்துக்கொண்டே சொன்னாய். அந்தச் சிரிப்பைக் கேட்ட பிறகு, எல்லாம் முடிந்துவிட்டது என்று எப்படிச் சொல்வேன்? ஒன்று ஒன்றாக விட்டேன். "இந்த வாரம் மூணாவது, கொஞ்சம் மக்கர் பண்ணுது" என்று கதை கட்டினேன். நீ பாவம், அந்த மக்கருக்கு வைத்தியம் தேடி நெட்டெல்லாம் அலசிவிட்டு அடுத்த வாரம் சொன்னாய். நானும் "ஆமாம், அதே மாதிரி செஞ்சேன், சரியாயிடுச்சு" என்றேன்.

அதற்குள் கம்பெனி குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டிய நாள் வந்துவிட்டது. இத்தனை வருஷம் இருந்த வீட்டின் சாவியை ஆபீஸில் கொடுத்து ஒரு கையெழுத்து வாங்கிக்கொண்டு, மந்தாரக்குப்பத்தில் இந்த இரண்டு அறை வாடகை வீட்டுக்கு வந்தேன். சாமானில் பாதி இங்கே பிடிக்காது. மூட்டை கட்டுவதற்குக் கலியபெருமாள் மினி லாரி கொண்டு வந்திருந்தான். உனக்கு நினைவிருக்கும், என் ஷிப்ட்டில் இருந்தவன், சேத்தியாத்தோப்புப் பக்கத்தில் நிலம் வைத்திருக்கிறான், வெற்றிலைச் சிவப்பு வாயோடு சிரிப்பான். அவன் டிஸ்க்குகளைக் கையில் எடுத்து வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"இன்னாண்ணே இது, இப்புடி மின்னுது? வேணாமின்னா எனக்குக் குடுத்துடுங்க. நெல்லு பால் புடிக்கிற நேரம், குருவிங்க கூட்டமா வந்து குந்திக்கினு கதிர உறிஞ்சிப்புடுது. இத கவுத்துல கோத்து வுட்டன்னா ஒண்ணு கிட்ட வராது."

நான் ஒரு கணம்கூடத் தயங்கவில்லை. எல்லாம்தான் கம்ப்யூட்டரில் ஏறிவிட்டதே, இனி இந்தத் தகடு எதற்கு என்று நினைத்தேன். பதினொன்றையும் எடுத்துக் கொடுத்து, "கட்டுடா, குருவியாவது பாக்கட்டும்" என்று சிரிக்கவும் செய்தேன். அடுத்த ஞாயிறு உன்னிடம், ஆறாவது டிஸ்க்கைத் துடைத்துக்கொண்டிருக்கிறேன் என்று சொன்னேனே, அப்போது அது நெல்வயலுக்கு மேலே ஆடிக்கொண்டிருந்தது.

பொங்கலுக்கு வந்திருந்த உன் நண்பன் ஜெர்மனி திரும்பியபோது இரண்டு டிவிடியில் எல்லாவற்றையும் எழுதி அவனிடம் கொடுத்தனுப்பினேன். போன ஞாயிறு உன் குரலில் அவசரம் தெரிந்தது. பத்து கேம் நன்றாக ஓடுகிறது, இந்தக் கார் ரேஸில் மட்டும் பாட்டு வரவில்லை என்றாய். நான், "கார் ரேஸுல பாட்டு எங்கடா வந்துச்சு? இன்ஜின் சத்தம் வருதே, நான் போட்டுப் பாத்துட்டுத்தான் அனுப்பினேன்" என்றேன். நீ மெதுவாக, "ஒரே ஃபைலா எடுத்தீங்களாப்பா?" என்றாய். மற்ற கேம்களில் பாட்டும் கேமுக்குள்ளேயே கலந்திருக்கும், இந்த டிஸ்க்கில் மட்டும் பாட்டெல்லாம் பாட்டு சிடி போலத் தனியாக இருக்கும், ஒரே ஃபைலாக எடுத்தால் கேம் மட்டும் வரும், பாட்டு விட்டுப்போகும் என்று விளக்கினாய். கோபமே படவில்லை. "பரவால்லப்பா. டிஸ்க் இருக்குல்ல, இன்னொரு தடவை எடுத்துக்கலாம்" என்றாய். அதற்குத்தான் அந்த 'இருக்கு'.

நான் ஓட்டிப் பார்த்துச் சோதித்தது நிஜம். திரையில் கார் ஓடியது, இன்ஜின் உறுமியது, சுவரில் முட்டியபோது டமாலென்று கேட்டது. குறை ஒன்றும் தெரியவில்லை. தெரியாததற்குக் காரணம் உனக்கும் எனக்கும் தெரியும். நம் வீட்டில் நான் இருக்கும்போது அந்த கேம் ஒரே ஒரு நாள் தவிர சத்தத்தோடு ஓடியதில்லை. நைட் ஷிப்ட் முடிந்து காலையில் வந்து படுப்பேன், மூச்சுச் சத்தம் கேட்கக் கூடாது. எட்டு மணி நேரம் கன்வேயர் இரைச்சலில் நின்றுவிட்டு வருகிறவனுக்கு வீட்டிலாவது அமைதி வேண்டாமா என்று அன்றைக்கு நியாயம் பேசினேன். அந்த நியாயத்தில் பாதி சரிதான். மீதிப் பாதி, நான் வந்துவிட்டேன் என்று வீட்டுக்குத் தெரிய வேண்டும் என்கிற அதிகாரம்.

நீ எட்டாவது படித்த வருஷம் தவக்காலத்தில் நடந்ததை நீ மறந்திருக்க மாட்டாய். ஒரு சனிக்கிழமை, காலை பதினொரு மணி இருக்கும். தூக்கத்தில் வீடே அதிர்கிறாற்போல் இருந்தது. லுங்கியை இழுத்துக் கட்டிக்கொண்டு வெளியே வந்தேன். ஒயர்களைப் பிடுங்கி, பெட்டியைத் துண்டில் சுற்றி, அன்றைக்கே மைன்ஸுக்குக் கொண்டுபோய் என் லாக்கரில் வைத்துப் பூட்டினேன். "ஈஸ்டர் வரைக்கும் இதுக்கும் ஒருசந்தி நோன்பு" என்று கேலி வேறு. நீ அழவில்லை, சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தாய். உங்கம்மா கையில் ஒரு கன்ட்ரோலர் இருந்தது. சத்தத்தை நிறுத்துவதற்காக உன்னிடமிருந்து அவள் பிடுங்கி வைத்திருக்கிறாள் என்றுதான் நான் நினைத்தேன். அன்று சாயங்காலம் டீ கொடுக்கும்போது சொன்னாள்: "அவன் மட்டும் ஆடலைங்க. நானும்தான் ஆடினேன். சத்தம் வச்சது நான்தான்." உன்னைக் காப்பாற்றப் பொய் சொல்கிறாள் என்று சிரித்தேன். அவள் அடுப்படிக்குத் திரும்பிப் போய்விட்டாள்.

பெட்டி ஈஸ்டருக்குத் திரும்பி வந்தது. அதற்குப் பிறகு நீங்கள் இரண்டு பேரும் கெட்டிக்காரர்களாகிவிட்டீர்கள். தெரு முனையில் என் ஸ்கூட்டர் சத்தம் கேட்டால் உள்ளே எல்லாம் நின்றுவிடும். ஒரு முறை ஸ்கூட்டர் மெக்கானிக்கிடம் இருந்ததால் முதல் ஷிப்ட் முடிந்து பஸ்ஸில் வந்து, பிளாக் முனையிலிருந்து நடந்தே வந்தேன். ஜன்னலில் பாட்டும், அதற்கு மேல் உங்கம்மா சத்தம் போட்டுச் சிரிப்பதும் கேட்டது. டிவியில் ஏதோ பார்க்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டு கேட் கொண்டியை எடுத்தேன். அவ்வளவுதான், வீடு அடங்கிவிட்டது. நான் உள்ளே வந்தபோது நீ அறிவியல் புத்தகத்தை விரித்து வைத்திருந்தாய், அவள் அடுப்படியில் பாத்திரத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். எனக்கு அன்றைக்குப் பெருமையாக இருந்தது, தம்பி. மனைவியும் பிள்ளையும் மரியாதை தெரிந்தவர்கள் என்று கேன்டீனில் நாலு பேரிடம் சொல்லிக்கொண்டும் இருந்தேன். அப்படிச் சிரிக்கத் தெரிந்த ஒருத்தியோடு இருபத்தேழு வருஷம் குடித்தனம் நடத்தியும், அந்தச் சிரிப்பை நான் கேட்டது வாசல் கேட்டுக்கு வெளியே நின்ற அந்த ஒரு நிமிஷம்தான்.

உன்னிடம் பொய் சொன்ன மறுநாள் காலை முதல் பஸ் பிடித்துச் சேத்தியாத்தோப்பு போனேன். அறுவடை முடிந்து வயல் வெறும் தாளாகக் கிடந்தது. கயிறு மட்டும் குச்சிக்குக் குச்சி அப்படியே தொங்கியது. கலியபெருமாள் நான் எதற்கு வந்தேன் என்று கேட்டுவிட்டுத் தலையில் கை வைத்தான். "அய்யய்யோ, தம்பியோடதா அது? ஒரு வார்த்த சொல்லியிருந்தா தொட்டிருப்பனாண்ணே? நீங்கதான சிரிச்சிக்கினே குடுத்தீங்க." அவன்மேல் தப்பே இல்லை. இரண்டு பேரும் வரப்பில் நடந்து ஒவ்வொன்றாக அவிழ்த்தோம். ஐந்து மாத வெயில், நடுவில் ஐப்பசி கார்த்திகை மழை. பிறகு சென்னையில் வாங்கிய காப்பி டிஸ்க்குகள் வெளுத்து வெறும் கண்ணாடியாகியிருந்தன. எட்டுதான் கிடைத்தது, மூன்று எங்கேயோ பறந்துவிட்டன. எனக்கு வேண்டியது ஒன்றுதான். மாமா பெட்டியோடு கொண்டுவந்த ஒரிஜினல், அடிப்பக்கம் கருப்பாக இருக்குமே, அந்தக் கார் ரேஸ். கடைசிக் குச்சியில் அது இருந்தது. மேல்படம் முழுக்க அழிந்து, விளிம்பில் சுற்றிலும் உரிந்திருந்தது. கைக்குட்டையில் சுற்றிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வந்தேன். பஸ்ஸில் யாரையும் அந்தப் பக்கம் சாய விடவில்லை.

கம்ப்யூட்டரில் போட்டால் அது டிஸ்க்கே இல்லை என்றது. நடுவிலிருந்து விளிம்புக்கு நீ சொன்ன மாதிரியே துடைத்துத் துடைத்து நாலு தடவை போட்டேன். மந்தாரக்குப்பத்தில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருக்கிற பெண்மணியிடம் எடுத்துப் போனேன். அவர் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "கேம் போயிடுச்சு சார், அதுல ஒரு புள்ளி போனாலும் ஓடாது, அத விட்டுடுங்க. பாட்டு தனி டிராக்கா இருக்குன்னு சொல்றீங்களே, சாதா சிடி பிளேயர்ல போட்டுப் பாருங்க. உள் பக்கம் நல்லாத்தான் இருக்கு, கொஞ்சமாவது பாடும். ஆனா ஒண்ணாம் நம்பரப் போடாதீங்க, அது கேம். கர்ருனு கத்தும்."

உங்கம்மா ஜெபமாலை கேட்பாளே, அந்தச் சின்ன சிடி பிளேயரை எடுத்துத் தூசி தட்டினேன். டிஸ்க்கைப் போட்டதும் பத்து என்று காட்டியது. கேம் ஒன்று, பாட்டு ஒன்பது. வலது காது எனக்கு மைன்ஸோடு போய்விட்டது என்று உனக்குத் தெரியும், அதனால் இடது காதை ஸ்பீக்கர் பக்கம் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தேன். முதல் பாட்டு வந்தது. வார்த்தை கிடையாது, வெறும் இசைதான், சரியான ஓட்டம். இதைப் போட்டுக்கொண்டா ஓட்டினீர்கள்? சுவரில் முட்டாமல் என்ன செய்யும்! இரண்டாவது, மூன்றாவது, நான்காவது, எல்லாம் முழுசாகப் பாடியது. எனக்கு ஒன்றும் புரியவில்லை, ஆனால் நிறுத்த மனம் வரவில்லை.

ஐந்தாவது தொடங்கியதும் காதை ஸ்பீக்கரோடு ஒட்டி வைத்துக்கொண்டேன். மற்றவை போல வேகம் இல்லை, நிதானமான மெட்டு. அதை எனக்குத் தெரியும். உங்கம்மா தோசை வார்க்கும்போது, துணி மடிக்கும்போது, கடைசியில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கண்ணை மூடிக்கொண்டு முனகியதும் இதைத்தான். ஏதோ கோயில் பாட்டு என்றுதான் நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அவள் முப்பதாம் நாள் பூசைக்கு முன்னால் பாடகர் குழுத் தலைவரிடம் போய், எனக்குத் தெரிந்த இரண்டு வரி அளவுக்கு வாயால் முனகிக் காட்டி, "என் வீட்டுக்காரிக்குப் பிடிச்ச பாட்டு, இதைப் பாடுங்க" என்று கேட்டேன். அந்த மனிதர் மூன்று தடவை முனகச் சொல்லிக் கேட்டுவிட்டு, "எங்க புத்தகத்துல இப்படி ஒண்ணு இல்லீங்களே" என்று சங்கடப்பட்டார். கடைசியில் கிட்டத்தட்ட அதே சாயலில் வேறு ஒன்றைப் பாடினார்கள். நீ என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தாய். உன்னிடம் கேட்டிருந்தால் அங்கேயே சொல்லியிருப்பாய். உன்னிடம் கேட்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

கல்யாணம் ஆகப்போகிறவனுக்கு அப்பா நாலு வார்த்தை சொல்ல வேண்டுமாம், உன் மாமா போன் செய்து நினைவுபடுத்துகிறார். என்னிடம் பெரிதாக ஒன்றும் இல்லை. எதையாவது காப்பி எடுத்தால் அசலை உடனே தூக்கிக் கொடுத்துவிடாதே. அதோடு வாழ்ந்தவர்களைக் கூப்பிட்டுக் காட்டி, எல்லாம் வந்திருக்கிறதா என்று கேட்டுவிட்டுக் கொடு. இன்னொன்று, நீ வேலை முடிந்து வந்து பெல் அடிக்கும்போது உள்ளே பேச்சும் சிரிப்பும் அப்படியே தொடர்கிறதா என்று கவனி. அடங்கினால் அதை மரியாதை என்று நினைத்துக்கொள்ளாதே. உள்ளே போய், என்ன நடந்துகொண்டிருந்தது என்று கேட்டு, ஓரமாகவாவது உட்கார். ஆடத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை. நான் உட்காரவில்லை, அவளும் அன்று டீ கொடுக்கும்போது சொல்லிப் பார்த்துவிட்டு, விட்டுவிட்டாள்.

இந்தப் பாட்டெல்லாம் நெட்டில் கிடைக்கும், இதற்குப் போய் ஏன் இவ்வளவு என்று நீ ஆறுதல் சொல்வாய். கிடைக்கட்டும். எடுத்து வை, மருமகளுக்கும் போட்டுக் காட்டு. எனக்கு மட்டும் அதை அனுப்ப வேண்டாம். ஐந்தாவது பாட்டு பாதி வரைக்கும் நன்றாக வந்து, மெட்டு கொஞ்சம் மேலே ஏறுகிற இடத்தில் திக்கி, நின்றுவிட்டது. அதற்கு மேல் டிஸ்க்கில் எதுவும் இல்லை. நானும் எத்தனையோ யோசித்துப் பார்த்துவிட்டேன். அவள் அந்த இடத்தைத் தாண்டி முழுசாகத்தான் முனகுவாள், தினமும்தான் முனகினாள், நான்தான் காது கொடுக்கவில்லை. இந்தக் கடிதம் கிடைத்த பிறகு நீ கூப்பிடுகிற ஞாயிற்றுக்கிழமை, மண்டபம், பத்திரிகை, சமையல்காரர் எதையும் பேச வேண்டாம். மாத்திரையையும் கேட்காதே. அந்த இடத்திலிருந்து உங்கம்மா எப்படிக் கொண்டுபோவாளோ, அதே மாதிரி முனகிக் காட்டு. போனை இடது காதில் வைத்திருப்பேன்.

அப்பா